காலத்தைப் பாடமாக நடத்தும் கலாசாலை: வாசகர் கேள்வி-பதில்

மாயக்கதை எழுதும் வாசகர்கள் பலர், காலத்தையே பாடமாக நடத்தும் கற்பனைக் கலாசாலை ஒன்றை எப்படிக் கட்டுவது என்று கேட்டு எழுதியிருக்கிறீர்கள். மந்திரம் உங்களுடையது. அது எந்த விதிக்கும் அடங்க வேண்டியதில்லை. ஆனால் மந்திரம் தொடாத மற்றதெல்லாம், அதாவது காற்று, வெளிச்சம், உடம்பு, கடிகாரம் எல்லாம், நம் உலகில் நடப்பதுபோலவே நடக்க வேண்டும். கதை ஓட்டையாவது அங்கேதான். ஆகவே பதில்கள் பெரும்பாலும் அந்த மற்றதைப் பற்றியவை.

கேள்வி: என் கதாநாயகி 12 வயதில் கலாசாலையில் சேர்கிறாள். முதல் வாரமே அவளைக் கடந்த காலத்துக்கு அனுப்பிவிடலாமா, அல்லது அதற்கு முன்னால் ஏதாவது கற்றுக்கொள்ள வேண்டுமா?

பதில்: அனுப்ப வேண்டாம். முதல் ஆண்டு முழுக்க அவள் கடிகாரம் செய்யட்டும். காலத்தை மாற்றும் வித்தை பலித்ததா என்று பார்க்கக் கடிகாரம்தான் சாட்சி. அந்தச் சாட்சியோ தானாகவே பிசகக்கூடியது. பிசகியது கடிகாரமா, காலமா என்று பிரித்துச் சொல்லத் தெரிந்தவருக்கே இங்கே பட்டம் என்று வைத்துக்கொள்ளுங்கள். கதை முழுவதற்கும் அது முதுகெலும்பாக நிற்கும்.

நீர்க்கடிகாரத்தில் தொடங்குங்கள். எளிய வகை, மூழ்கும் வட்டில்: அடியில் நுண்துளை இட்ட செப்புக் கிண்ணத்தைத் தண்ணீரில் மிதக்கவிட்டால், துளை வழியே நீர் ஏறி, குறித்த நேரத்தில் கிண்ணம் மூழ்கும். அது 24 நிமிடத்தில் மூழ்கினால் ஒரு நாழிகை. 60 நாழிகை ஒரு நாள். துளையைச் சிறியதாகவே தொடங்கி, ஒவ்வொரு சோதனைக்குப் பிறகும் மயிரிழை அகலப்படுத்த வேண்டும். அவசரப்பட்டுப் பெரிதாக்கிவிட்டால், விளிம்பைச் சுத்தியால் தட்டித் துளையை மூடி மறுபடி முதலிலிருந்து வர வேண்டியதுதான். தண்ணீரைத் துணியில் வடிகட்டாமல் ஊற்றினால் ஒரு தூசி துளையில் சிக்கும், நாழிகை நீண்டுவிடும். பள்ளி மணியே தப்பாக அடிக்கும். ஓர் அத்தியாயத்துக்கு இது போதும்.

அடுத்தது, அடித்துளை வழியே நீர் வடியும் பானை. இதில்தான் மாணவர்கள் திணறுவார்கள். நேர்ச் சுவர் கொண்ட பாத்திரத்தில் நீர் மட்டம் இறங்க இறங்க ஒழுக்கும் தளர்கிறது. உயரம் கால்பங்கானால் வேகம் பாதியாகும். முழுதும் வடிய ஆகும் நேரத்தில், மேல்பாதி வடிய 29 சதவீதமும் கீழ்பாதி வடிய 71 சதவீதமும் ஆகும். ஆகவே சுவரில் சம இடைவெளியில் கோடு போட்டால் தப்பு. பாத்திரம் 36 செ.மீ. உயரம் என்றால், ஆறு சம நேரத்துக்கான கோடுகளை மேலிருந்து 11, 9, 7, 5, 3, 1 செ.மீ. இடைவெளியில் போட வேண்டும். கடைசி 1 செ.மீ. நம்பத்தக்கதல்ல. அங்கே நீர் தாரையாக வராமல் சொட்டத் தொடங்கும், சொட்டுக்கு வேறு கணக்கு. பழைய எகிப்தியர் கீழே குறுகி மேலே விரியும் பாத்திரம் செய்து இதைச் சமாளித்தார்கள். கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவின் பொறியாளர் தெசீபியஸ் வேறு வழி கண்டார்: மேல்தொட்டியில் நீர் எப்போதும் வழிந்துகொண்டே இருக்கும்படி விட்டால் மட்டம் மாறாது, ஒழுக்கும் மாறாது.

உங்கள் கலாசாலை குளிர்ப் பகுதியில் இருந்தால் இன்னொரு சிக்கல் உண்டு. 20 டிகிரியில் இருக்கும் நீரைவிட உறைநிலைக்குப் பக்கத்தில் இருக்கும் நீர் 1.8 மடங்கு பிசுப்பு. மெல்லிய குழாய் வழியே வடியும் கடிகாரம் பனிக்காலத்தில் கண்கூடாகப் பின்தங்கும். சீனாவில் 979ஆம் ஆண்டு சாங் சிசுன் தண்ணீருக்குப் பதிலாகப் பாதரசத்தை வைத்துக் கடிகாரம் செய்தது இதனால்தான்.

கேள்வி: வில்லன் மணல் கடிகாரத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போகிறான். "பாதி மணல் இறங்கிவிட்டது, பாதி நேரம்தான் மீதி" என்று நாயகன் சொல்லலாமா? நீர்ப்பானை போலப் பிசகாதா?

பதில்: தாராளமாகச் சொல்லலாம். மணல் தண்ணீரல்ல. மேலே இருக்கும் மணலின் பாரத்தைக் கண்ணாடிச் சுவர்கள் உராய்வால் தாங்கிக்கொள்கின்றன. அதனால் குவியல் உயரமாக இருந்தாலும் தாழ்ந்தாலும் கழுத்து வழியே இறங்கும் வேகம் ஏறக்குறைய ஒன்றே. ஆனால் "பாதி மணல்" என்பது அளவில் பாதி. கண்ணாடிக் குடுவை கூம்பு வடிவம் என்பதால் உயரத்தில் பாதி இறங்கும்போது அளவில் பாதியைவிட நிறையவே இறங்கியிருக்கும். நாயகன் இந்த இடத்தில் ஏமாறலாம்.

கழுத்தின் விட்டம் மணல்மணியைப் போல ஐந்தாறு மடங்காவது இருக்க வேண்டும். குறைந்தால் மணிகள் ஒன்றையொன்று முட்டி வளைவாக நின்று அடைத்துக்கொள்ளும். ஈரம் பட்டால் கட்டி தட்டும், அதனால் நன்றாக உலர்த்தி, முத்திரையிட்டு மூட வேண்டும். பல ஆண்டு ஓடிய கடிகாரத்தில் மணல் கழுத்தை அரித்து அகலப்படுத்திவிடும், எனவே பழைய கடிகாரம் முந்தும். வில்லன் வைத்தது அவனுடைய பாட்டனார் காலத்துக் கடிகாரம் என்றால், அவன் கணக்கிட்டதைவிடச் சீக்கிரமாகவே மணல் தீர்ந்துவிடும்.

கேள்வி: எங்கள் கலாசாலை தரையிலிருந்து 1,000 மீட்டர் உயரத்தில் மிதக்கிறது. கோபுரத்தில் பெரிய ஊசல் கடிகாரம். மேலே காலம் வேறு மாதிரி ஓடும் என்று படித்தேன். எந்தப் பக்கம், எவ்வளவு?

பதில்: இதைவிட நல்ல இடத்தில் கலாசாலை வைக்க முடியாது. இங்கே கடிகாரமும் பிசகுகிறது, காலமும் பிசகுகிறது, இரண்டும் எதிரெதிர்த் திசையில்.

ஊசலை முதலில் பார்ப்போம். ஒரு பக்கம் போக ஒரு வினாடி, திரும்ப ஒரு வினாடி எடுக்கும் ஊசலின் நீளம் தரையில் சுமார் 99.4 செ.மீ. மேலே போகப் போக ஈர்ப்பு குறையும், ஊசல் சோம்பும். 1,000 மீட்டர் உயரத்தில் மிதக்கும் கோபுரத்தில் அது நாளுக்கு 13 முதல் 14 வினாடி பின்தங்கும். இது வெறும் ஊகமல்ல. 1672இல் பாரிசிலிருந்து தென் அமெரிக்காவின் கயேன் சென்ற பிரெஞ்சு வானியலாளர் ழான் ரிஷேயின் ஊசல் கடிகாரம் அங்கே நாளுக்கு இரண்டரை நிமிடம் பின்தங்கியது. பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் ஈர்ப்பு குறைவு என்பதற்கு அதுவே தடயமானது. உங்கள் கோபுரத்தில் திருத்தம் எளிது: ஊசல் குண்டின் அடியிலுள்ள திருகைச் சுற்றி ஊசலை 0.3 மில்லிமீட்டர் குறுக்கினால் போதும். ஒரு மில்லிமீட்டர் குறுக்கினால் நாளுக்கு 43 வினாடி முந்திவிடும், ஆகவே திருகை மிகமிக மெதுவாகச் சுற்ற வேண்டும். எஃகுத் தண்டு என்றால் வெயிலையும் கவனியுங்கள். 10 டிகிரி சூடு ஏறினால் தண்டு நீண்டு நாளுக்கு 5 வினாடி போய்விடும்.

இனி காலம். ஈர்ப்பு குறைந்த இடத்தில் காலம் மெய்யாகவே வேகமாக ஓடுகிறது. 1,000 மீட்டர் உயரத்தில் அது நாளுக்கு சுமார் 9.4 நானோவினாடி. ஒரு முழு வினாடி முந்துவதற்கு ஏறத்தாழ 2,90,000 ஆண்டுகள் வேண்டும். சிறிய தொகைதான், ஆனால் பொய்யல்ல. ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் உயரத்தால் நாளுக்கு 45 மைக்ரோவினாடி முந்துகின்றன, வேகத்தால் 7 மைக்ரோவினாடி பிந்துகின்றன. மிச்சம் 38 மைக்ரோவினாடியைத் திருத்தாவிட்டால் வழிகாட்டியே வழிதவறும். ஊசல் "பின்தங்குகிறோம்" என்கிறது, காலமோ முந்திக்கொண்டிருக்கிறது. முதலாண்டு மாணவிக்கு இதைவிடத் தெளிவான பாடம் இல்லை.

ஒன்று மட்டும் கவனம். கலாசாலை காற்றில் ஆடினால் ஊசல் உதவாது. கப்பலில் ஊசல் தோற்ற அதே காரணம்தான். சுருள்வில்லும் சமநிலைச் சக்கரமும் கொண்ட கடிகாரம் வையுங்கள். 1761இல் ஜமைக்காவுக்குப் போன ஜான் ஹாரிசனின் கடிகாரம் 81 நாள் கடல் பயணத்தில் சுமார் 5 வினாடிதான் பிசகியது. ஒன்றோடு நிறுத்தவும் வேண்டாம். இரண்டு கடிகாரம் முரண்பட்டால் எது தப்பு என்று சொல்ல முடியாது, குறைந்தது மூன்று வேண்டும். 1831இல் புறப்பட்ட பீகிள் கப்பல் 22 கடிகாரங்களைச் சுமந்து சென்றது.

கேள்வி: தேர்வுக்கு முன் மாணவர்கள் "விரைவறை"யில் படிக்கிறார்கள். வெளியே ஒரு மணி நேரம், உள்ளே 60 மணி நேரம். இதில் என்ன தப்பு வரப்போகிறது?

பதில்: காற்றில் தொடங்கும். 3 மீட்டர் நீளம், அகலம், உயரம் உள்ள மூடிய அறையில் ஒருவர் இருக்கிறார். அமைதியாக உட்கார்ந்திருப்பவர் மணிக்குச் சுமார் 20 லிட்டர் கரியமிலவாயு விடுகிறார். 60 மணிக்கு 1,200 லிட்டர், அறையின் 27,000 லிட்டர் காற்றில் 4 சதவீதத்துக்கும் மேல். அந்த அளவில் தலைவலி, மூச்சிரைப்பு, மனக்குழப்பம் எல்லாம் வரும், உயிருக்கே ஆபத்து. வெளியில் நிற்பவருக்கோ ஒரு மணி நேரம்தான் ஆகியிருக்கிறது. "இப்போதுதானே உள்ளே போனான்" என்று காவலர் நினைப்பார்.

ஜன்னலைத் திறந்து வைக்கலாமே என்று தோன்றும். ஒரு மாணவருக்கு உள்ளே வினாடிக்கு 10 லிட்டர் புதுக் காற்று வேண்டுமென்றால், வெளிக்கணக்கில் அது வினாடிக்கு 600 லிட்டர். 10 செ.மீ. சதுரத் துளை வழியே இழுத்தால் காற்று வினாடிக்கு 60 மீட்டர் வேகத்தில் புயலாக ஊளையிடும். ஜன்னலுக்கு வேறு கேடும் உண்டு. வெளியே இருந்து வரும் சிவந்த மஞ்சள் ஒளியின் அலைநீளம் 600 நானோமீட்டர் என்றால், உள்ளே அது 60 மடங்கு நீண்டு அகச்சிவப்பாகிவிடும். உள்ளிருப்பவருக்கு ஜன்னல் கும்மிருட்டு. உள்ளே ஏற்றிய விளக்கோ வெளியே வரும்போது 10 நானோமீட்டராகச் சுருங்கி, புறஊதாவுக்கும் ஊடுகதிருக்கும் (எக்ஸ்-கதிர்) எல்லையிலுள்ள கதிராகும். ஜன்னலே வேண்டாம்.

ஆகவே அறையைப் பெரிதாக்குங்கள். 12 மாணவர், 60 மணி நேரம், கரியமிலவாயு அரை சதவீதத்துக்குள் நிற்க வேண்டும் என்றால் 2,880 கன மீட்டர் வேண்டும்: 20 மீட்டர் நீளம், 18 மீட்டர் அகலம், 8 மீட்டர் உயரம். உள்ளே இரண்டரை நாள் ஆகும். படுக்கை வேண்டும், கழிப்பறை வேண்டும், ஆளுக்கு நாளொன்றுக்கு 3 லிட்டர் கணக்கில் 90 லிட்டர் குடிநீர் வேண்டும். வெப்பத்தை மறந்துவிடாதீர்கள். ஒரு மனித உடல் சுமார் 100 வாட் வெப்பம் விடும். 12 பேர் 60 மணி நேரம் விட்ட வெப்பம் வெளியே ஒரு மணி நேரத்தில் கசிந்தால் அது 72 கிலோவாட், ஒரு கிலோவாட் மின்சூடேற்றிகள் 72ஐ ஒன்றாகப் போட்டதற்குச் சமம். விரைவறையின் வெளிச்சுவரைத் தொட்டவர் கைக்கு வெதுவெதுப்பு தெரியும். பனிநாளில் கூரையில் பனி நிற்காத கட்டடம் எதுவோ அதுவே விரைவறை என்று ஓர் உளவாளி கண்டுபிடிக்கலாம்.

எல்லாவற்றையும்விடக் கொடியது வாசற்படி. ஒரு கை உள்ளே, உடம்பு வெளியே என்று வைத்துக்கொள்ளுங்கள். இதயம் வெளியே நிமிடத்துக்கு 72 முறை துடிக்கிறது. கையின் கணக்கில் அது நிமிடத்துக்கு ஒரு துடிப்பு சொச்சம். ரத்தம் போதாமல் கை மரத்து, பிறகு சாகத் தொடங்கும். இதற்கு ஒரே வழி இடைகழி. மாணவர் முழு உடம்போடு இடைகழிக்குள் போய், கதவைச் சாத்தி, அதன்பிறகே அந்த இடம் முழுவதும் ஒரே சமயத்தில் வேகம் ஏற வேண்டும். "முதலில் கதவு, பிறகு காலம்" என்று நிலைப்படியில் பொறித்து வையுங்கள்.

இவ்வளவு தொல்லை வேண்டாமென்றால் 60 மடங்கை 6 ஆக்கிவிடுங்கள். கதைக்கு 6 மணி நேரம் போதுமானது, கணக்கிலும் எல்லாம் கைக்குள் அடங்கும்.

கேள்வி: தினமும் இப்படி விரைவறைக்குப் போய்வரும் மாணவனுக்கு வயது கூடாதா?

பதில்: கூடும், அதைக் கலாசாலை எழுதி வைக்கவும் வேண்டும். உதாரணமாக, 8 மடங்கு அறைக்குத் தினம் ஒரு மணி நேரம் போனால் நாளுக்கு 7 மணி கூடுதல். ஆண்டுக்கு 2,555 மணி, அதாவது 106 நாள். ஐந்தாண்டுப் படிப்பில் ஏறத்தாழ ஒன்றரை ஆண்டு. இரட்டையரில் ஒருவர் மட்டும் படித்தால், பட்டமளிப்பு நாளில் முகமே காட்டிக்கொடுக்கும். பதிவேட்டில் பிறந்த நாள், உடல் நாள் என்று இரண்டு பத்தி போடுங்கள்.

வயதைவிடத் தூக்கம்தான் முதலில் கெடும். தினம் 7 மணி கூடினால் ஒரு நாள் 31 மணி ஆகிறது. நம் உடலின் உள்கடிகாரம் வெளிச்சம் காணாவிட்டாலும் 24 மணியைச் சற்றே தாண்டிய சுற்றில் ஓடும், அதை இழுத்து நீட்ட ஓர் எல்லை உண்டு. 1938இல் தூக்க ஆய்வாளர் நத்தானியேல் கிளைட்மனும் அவர் மாணவரும் அமெரிக்காவின் மம்மத் குகைக்குள் 28 மணி நாளை வாழ்ந்து பார்த்தார்கள். மாணவர் உடல் பழகியது, கிளைட்மன் உடல் பழகவே இல்லை. 31 மணிக்கு உங்கள் மாணவன் வகுப்பில் தூங்கி வழிவான்.

சரியான ஏற்பாடு இது: தினமும் போகாமல் வாரம் ஒருமுறை, வெளிக்கணக்கில் 3 மணி 26 நிமிடம் போகட்டும். உள்ளே 27 மணி 26 நிமிடம் கழியும். கூடுதல் சரியாக 24 மணி. ஒரு முழு நாள் கூடுவதால் உடலின் காலை வெளியின் காலையோடு ஒத்தே நிற்கும், தூக்கம் கெடாது. ஆண்டுக்கு 52 நாள் வயது கூடும், அவ்வளவுதான்.

கேள்வி: நேரத்தை நிறுத்திவிட்டு எதிரிகளுக்கு நடுவே நடந்து போகும் காட்சி எனக்கு ரொம்பப் பிடிக்கும். எழுதலாமா?

பதில்: முழுதாக நிறுத்தினால் நடக்க முடியாது. காற்றும் நின்றுபோய்ச் சுவராகிவிடும், ஒளியும் கண்ணுக்கு வந்து சேராது. நிறுத்தாமல் தன்னை மட்டும் விரைவாக்கிக்கொள்ளும் வித்தையாக மாற்றுங்கள், அதற்கும் அளவு வேண்டும். சாதாரண நடை வினாடிக்கு 1.4 மீட்டர். 1,000 மடங்கு விரைவில் அதே நடை வெளிக்காற்றுக்கு வினாடிக்கு 1,400 மீட்டர், ஒலியைப் போல நான்கு மடங்கு. நடப்பவர் பின்னால் இடி முழங்கும், முன்னால் காற்று தீயாய்ச் சுடும். 50 மடங்கில்கூட மணிக்கு 250 கி.மீ. புயலை எதிர்த்து நடப்பதுபோல. 10 மடங்கில் மணிக்கு 50 கி.மீ. காற்று, குனிந்து நடக்கலாம். எனவே 10 என்பதே நல்ல எல்லை.

10 மடங்கிலும் பொருளைத் தொடுவது ஆபத்து. உங்கள் கை மெதுவாகத்தான் தூக்குகிறது, ஆனால் பொருள் உணரும் முடுக்கம் மடங்கின் வர்க்கம், அதாவது 100 மடங்கு. மேசையிலிருந்து மென்மையாக எடுத்த குவளை பிடி ஒடிந்து போகும், உள்ளிருப்பது கூரையில் தெறிக்கும். தூங்கும் காவலரின் இடுப்பிலிருந்து சாவியை எடுப்பதாக எழுதியிருந்தால் அந்தக் காட்சியை மறுபடி யோசியுங்கள்.

கண்ணுக்கும் தனி மந்திரம் தேவை. ஒன்றரை மடங்கிலேயே நீலம் சிவப்பாகத் தெரியும், சிவப்பு மறைந்தே போகும். இரண்டு மடங்கில் நாம் பார்க்கும் ஒளி முழுவதும் அகச்சிவப்புக்குப் போய்விடும். ஆகவே விரைவு வித்தை கற்றவர் அணியும் மூக்குக்கண்ணாடி ஒன்று கலாசாலையில் இருக்கட்டும். அது கீழே விழுந்து உடைவது நல்ல திருப்பம்.

கேள்வி: கடந்த காலத்துக்குப் போகிறவன் புறப்பட்ட அதே இடத்தில்தானே இறங்குவான்?

பதில்: எது "அதே இடம்"? பூமி சூரியனைச் சுற்றி வினாடிக்கு 30 கி.மீ. ஓடுகிறது. ஒரு நிமிடம் பின்னால் போனால் பூமி 1,800 கி.மீ. தள்ளி இருக்கும். ஏழு நிமிடம் சொச்சத்தில் அது தன் விட்டத்தையே கடந்துவிடும். சூரியனும் சும்மா இல்லை, வினாடிக்கு 200 கி.மீ.க்கும் மேலான வேகத்தில் விண்மீன் மண்டலத்தைச் சுற்றுகிறது. எல்லாவற்றுக்கும் பொதுவான அசையாத இடம் என்று ஒன்று கிடையாது. ஆகவே தரையில் ஊன்றிய நங்கூரக் கல் ஒன்றை வைத்து, அதைப் பொறுத்தே இடம் என்று கலாசாலை விதி செய்யட்டும். அந்தக் கல் நடப்பட்ட நாளுக்கு முன்னால் யாரும் போக முடியாது. இப்படி ஓர் எல்லை கதைக்கு மிகவும் நல்லது.

ஒரு கல்லிலிருந்து இன்னொரு கல்லுக்குத் தாவினால் வேகமும் கூடவே வரும். பூமத்திய ரேகையில் தரை வினாடிக்கு 465 மீட்டர் சுழல்கிறது, 60 டிகிரி அட்சத்தில் அதில் பாதி. வேகத்தைத் திருத்தாமல் தாவியவர் பீரங்கிக் குண்டாக எதிர்ச்சுவரில் மோதுவார். இறங்கும் இடத்தில் ஏற்கெனவே இருக்கும் 70 லிட்டர் காற்றை என்ன செய்வது? இடமாற்றம் என்று சொல்லிவிடுங்கள்: ஆள் அங்கே, அங்கிருந்த காற்று இங்கே.

தேதியிலும் இடறாதீர்கள். நாட்காட்டியைத் திருத்தியதால் ரோமில் 1582 அக்டோபர் 4க்கு மறுநாள் அக்டோபர் 15. நடுவில் பத்து தேதிகளே இல்லை. இங்கிலாந்தில் இதே மாற்றம் 1752 செப்டம்பரில் வந்தது, 2க்கு மறுநாள் 14.

கேள்வி: தாத்தாவைக் கொன்றுவிட்டால் பேரன் எப்படிப் பிறப்பான் என்ற பழைய புதிர். எந்த விடையை எடுத்துக்கொள்வது?

பதில்: மூன்று வழி உண்டு: நடந்தது மாறவே மாறாது, மாற்றினால் கிளை பிரியும், மாற்றினால் பழையது அழியும். கலாசாலைக் கதைக்கு முதலாவதையே சிபாரிசு செய்கிறோம். கிளை பிரிந்தால் எதற்கும் விலையில்லை, ஒரு கிளையில் இறந்தவர் இன்னொன்றில் இருப்பார். அழிந்து மாறினால் யாருக்கும் எதுவும் நினைவிருக்காது. மாறாத காலத்தில்தான் துப்பறிய வேலை உண்டு. இந்தக் கருத்துக்கு இயற்பியலிலும் இடம் உண்டு. 1949இல் தர்க்கவியலாளர் குர்ட் கோடல், காலம் சுற்றி வந்து தன்னையே தொடும் உலகம் ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்கு முரணல்ல என்று காட்டினார். 1980களில் ரஷ்ய இயற்பியலாளர் இகோர் நோவிகோவ், அப்படிச் சுற்று இருந்தாலும் தனக்குத்தானே முரண்படாத நிகழ்ச்சிகளே நடக்கும் என்றார்.

எழுதும் முறை: தாளை இரண்டு பத்தியாகப் பிரியுங்கள். இடப்பக்கம் உலகின் நேர வரிசை, வலப்பக்கம் பயணியின் சொந்த நேர வரிசை. ஒவ்வொரு நிகழ்ச்சியும் இரண்டிலும் வர வேண்டும். இடப்பக்கத்தை முதலில் முடித்துவிட்டு, மையால் எழுதிப் பூட்டுங்கள். அதன்பிறகு வலப்பக்கம் எழுதும்போது நாயகி எவ்வளவு முயன்றாலும் இடப்பக்கத்தின் ஓர் எழுத்தும் மாறக்கூடாது. அவள் தடுக்கப் போன விபத்துக்கு அவளே காரணமாவதும், காப்பாற்றியதாக நினைத்தது முன்பே காப்பாற்றப்பட்டதாகவே இருப்பதும் இப்படித்தான் தானாகப் பிறக்கும்.

சுற்றில் பொருளை விடாதீர்கள். வயதான நாயகி இளைய நாயகிக்கு ஒரு புத்தகம் தருகிறாள், அவள் வளர்ந்து அதையே திரும்பத் தருகிறாள். அந்தப் புத்தகம் ஒவ்வொரு சுற்றிலும் 40 ஆண்டு பழசாகிறதே, தாள் எப்போதும் ஒரே நிலையில் எப்படி இருக்கும்? செய்தி சுற்றலாம், தாள் சுற்றக்கூடாது. அவள் புத்தகத்தைப் பிரதியெடுத்துப் புதுத் தாளில் தரட்டும்.

கேள்வி: வகுப்புகளுக்கும் நேரங்களுக்கும் தமிழ்ப் பெயர் வேண்டும்.

பதில்: சொற்கள் தயாராகவே இருக்கின்றன. ஒரு நாளுக்கு ஆறு சிறுபொழுது: காலை, நண்பகல், எற்பாடு, மாலை, யாமம், வைகறை. ஒவ்வொன்றும் பத்து நாழிகை, நான்கு மணி நேரம். ஆறு பாடவேளை ஆயிற்று. ஆண்டுக்கு ஆறு பெரும்பொழுது: கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில். இவை பருவத் தேர்வுகளுக்கு. நீர்க்கடிகாரத்துக்குச் சங்கத் தமிழில் குறுநீர்க் கன்னல் என்று பெயர், அதையே முதலாண்டு விடுதிக்கு வைக்கலாம். எற்பாடு என்பது பொழுது சாயும் வேளை. அதற்குக் காலை வகுப்பை வைத்துவிடாதீர்கள்.

கேள்வி: பட்டத்துக்கான இறுதித் தேர்வு எப்படி இருக்கலாம்? போரும் பறக்கும் நாற்காலியும் இல்லாமல், ஆனால் பரபரப்பாக.

பதில்: மூடிய அறை, ஒரு மேசை, மூன்று கடிகாரங்கள்: வடியும் பானை, மணல், ஊசல். ஓர் இசைக்கவை, அதாவது தட்டினால் ஒரே சுருதியில் ஒலிக்கும் இரு கிளை உலோகக் கருவி, வினாடிக்கு 440 அதிர்வு. கதவில் விரலளவு துவாரம், தக்கை வைத்து அடைத்தது. மாணவி உள்ளே போனபிறகு ஆசிரியர் நான்கில் ஒன்றைச் செய்வார்: பானையின் துளையில் ஒரு தூசி, மணலில் ஈரம், ஊசல் தண்டுக்குப் பக்கத்தில் தணல், அல்லது அறையின் காலத்தையே நூற்றுக்கு ஒன்று முந்தவிடுவது. எது நடந்தது என்று மாணவி சொல்ல வேண்டும்.

முதல் மூன்றும் சுலபம், ஒரு கடிகாரம் மற்ற இரண்டோடு முரண்படும். தணல் மட்டும் பொறுமையைச் சோதிக்கும், தண்டு கைபொறுக்காத அளவு சூடானாலும் வித்தியாசம் ஒரு மணிக்கு ஒரு வினாடி எட்டாது. ஆகவே அவள் நிமிடங்களை எண்ணுவதைவிட்டுத் தண்டைத் தொட்டுப் பார்க்க வேண்டும். நான்காவதில்தான் பலரும் தோற்பார்கள். காலமே முந்தினால் மூன்று கடிகாரமும் ஒன்றோடொன்று ஒத்தே ஓடும், அவளுடைய நாடித்துடிப்பும் சேர்ந்தே ஓடும். உள்ளே இருந்துகொண்டு எவ்வளவு எண்ணினாலும் தெரியாது. ஒன்றும் நடக்கவில்லை என்று எழுதிக்கொடுத்துவிட்டு வெளியே வருவார்கள்.

தேறுகிறவள் தக்கையைப் பிடுங்கி, வெளியே இருப்பவரிடம் அதே போன்ற இசைக்கவையைத் தட்டச் சொல்வாள். காலம் மாறாவிட்டால் இரண்டு ஒலியும் ஒன்றாய் இழையும். நூற்றுக்கு ஒன்று முந்தியிருந்தால் வெளியொலி அவளுக்கு 435.6 அதிர்வாகக் கேட்கும், தன் கையிலுள்ள 440உடன் சேரும்போது ஒலி விம்மி விம்மி அடங்கும், வினாடிக்கு நான்கு முறைக்குச் சற்று மேல். பத்து வினாடியில் 44 விம்மல் எண்ணினால் விடை வந்துவிட்டது. அறை முந்துகிறதா பிந்துகிறதா என்று விம்மல் சொல்லாது. அதற்குத் தன் இசைக்கவையின் ஒரு கிளையில் துளி மெழுகு ஒட்டி அதன் சுருதியைச் சற்றே தாழ்த்திப் பார்க்க வேண்டும். விம்மல் தளர்ந்தால் வெளியொலிதான் தாழ்ந்தது, எனவே அறை முந்துகிறது. விம்மல் விரைந்தால் அறை பிந்துகிறது. மெழுகு கொண்டு போக அனுமதி உண்டு என்று தேர்வு விதியில் முன்கூட்டியே ஒரு வரி எழுதிவிடுங்கள், அது எதற்கு என்று மட்டும் யாரும் சொல்ல வேண்டாம்.